கிஸ்மிஸுக்கு வைத்த பங்கு

ஒரு பூனை தொழுகைப் பாயில் மூத்திரம் பெய்தால் அதை அடிக்கக் கூடாது. டொக்டரிடம் கொண்டுபோக வேண்டும். இதை எங்கள் ஒழுங்கையில் எத்தனையோ பேருக்குச் சொல்லி என் வாய் வலித்ததுதான் மிச்சம், ஒருவரும் காதில் போட்டுக்கொள்வதில்லை.

அந்தத் தேநீரை எடுத்துக்கொண்டு போகச் சொல்லுங்கள், மிஸ். நான் நோன்பு. கேட்பதற்கெல்லாம் பதில் சொல்கிறேன், ஒளிக்க ஒன்றுமில்லை. ஆனால் பூனையிலிருந்துதான் தொடங்குவேன். இந்தப் பொலிஸ் நிலையத்தில் எல்லோரும் என்னை ஏதோ கல்நெஞ்சக்காரி மாதிரிப் பார்க்கிறீர்கள். பூனை விஷயத்தைக் கேட்டால் அது பிழை என்று உங்களுக்கே விளங்கும்.

என் பெயர் சித்தி பரீதா. கிண்ணியாவில், பாலத்துக்குப் பக்கத்து ஒழுங்கையில், நானும் என் தங்கை றுஷ்தாவும் இருக்கிறோம். வாப்பாவும் உம்மாவும் மௌத்தாகிவிட்டார்கள். உம்மா போகும்போது றுஷ்தாவுக்கு ஏழு வயது, அன்றிலிருந்து அவளுக்கு உம்மாவும் நான்தான், ராத்தாவும் நான்தான். நான் வீட்டில் இருந்து அபாயா தைக்கிறேன். அவள் திருகோணமலை டவுனில், துறைமுக வாசலுக்குக் கிட்ட ஒரு கப்பல் முகவர் அலுவலகத்தில் வேலை. வீட்டில் மூன்றாவது ஆள் கிஸ்மிஸ். மண்ணிறப் பூனை, முதுகில் கறுப்புப் புள்ளி. றுஷ்தா மீன் சந்தையிலிருந்து குட்டியாகத் தன் கைப்பைக்குள் வைத்துக் கொண்டுவந்தது.

கிஸ்மிஸ் அவ்வளவு சுத்தம். முருங்கை மரத்தடியில் மணலைக் கிளறி, வேலையை முடித்து, மூடிவிட்டு, மூடியது சரிதானா என்று ஒருமுறை மோந்தும் பார்க்கும். அப்படிப்பட்டது இந்த நோன்பு தொடங்கிக் கொஞ்ச நாளில் ஆளே மாறிவிட்டது. மீன்காரனின் ஹோர்ன் கேட்டாலும் காதை நிமிர்த்தாது. நடக்கும்போது பின்கால் இரண்டும் ஒரு பக்கமாக இழுக்கும். கதிரையில் ஏறப் பாய்ந்து நடுவழியில் விழும். தூக்கப் போன றுஷ்தாவின் கையை ஒருநாள் இரத்தம் வரக் கடித்தது. கடைசியில் என் தொழுகைப் பாயிலேயே மூத்திரம்.

பக்கத்து வீட்டு ஹுஸ்னியா வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்துச் சொன்னாள்: "அதுக்குப் பழக்கம் கெட்டுப்போச்சு ராத்தா. சாக்குல போட்டு மீன் சந்தப் பக்கம் விட்டுட்டு வாங்க. வேற வேலை இல்லையா உங்களுக்கு?"

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. ஒரு வாயில்லாச் சீவன், தனக்கு என்ன செய்கிறது என்று சொல்லத் தெரியாமல் தவிக்கிறது, அதைச் சாக்கில் கட்டுவதா? பாயைக் கழுவிக் காயப் போட்டுவிட்டு, பூனையைப் பிளாஸ்டிக் கூடையில் வைத்து மேலே துண்டால் மூடி, த்ரீவீலர் பிடித்துப் பாலத்தைக் கடந்து டவுனுக்குப் போனேன். நோன்போடு, அந்த வெயிலில். கல்நெஞ்சக்காரி செய்கிற வேலையா இது?

மிருக வைத்தியர் டொக்டர் அஞ்சலினாவை அப்போதுதான் முதன்முதல் கண்டேன். கழுத்தில் மெல்லிய சிலுவைச் சங்கிலி. கண் மட்டும் சும்மா இருக்காது, ஆளை ஒருமுறை பார்த்தால் தைத்த நூல்வரை பார்த்துவிடும். கிஸ்மிஸை மேசையில் வைத்து நடக்க விட்டுப் பார்த்தார். கண்ணுக்கு வெளிச்சம் அடித்தார். வயிற்றை அமுக்கினார். அது டொக்டரின் கையையும் கடிக்கப் போனது, பிறகு அந்தக் கையிலேயே தலையைச் சாய்த்துத் தூங்கிவிட்டது.

"பாயில போகுது, கடிக்குது எண்டு சொன்னீங்கள். அடிச்சனீங்களோ?"

"இல்ல டொக்டர். என்னத்துக்கு அடிக்கிற?"

"நல்லது. குணம் மாறினா முதல் உடம்பைத்தான் பாக்கோணும், அக்கா. உள்ளுக்க ஏதோ பிழைக்கும், அது வெளியில குணமாத் தெரியும். ஆக்கள் அது விளங்காமல் அடிக்கிறது, துரத்துறது."

அந்த வார்த்தை எனக்கு எவ்வளவு ஆறுதலாக இருந்தது தெரியுமா, மிஸ்? குணம் மாறினால் உடம்பில் ஏதோ பிழை. நான் கொஞ்சக் காலமாக மனதுக்குள் நினைத்துக்கொண்டிருந்ததைப் படித்த ஒருவர் வாய்விட்டுச் சொல்கிறார். நான் நினைத்தது பூனையைப் பற்றி அல்ல. அதைப் பிறகு சொல்கிறேன்.

டொக்டர் கேள்வி மேல் கேள்வி கேட்டார். என்ன சாப்பிடுகிறது, யார் கொடுக்கிறார்கள், எந்த நேரத்தில் மயக்கம் கூடுதல். நான் ஒன்றையும் மறைக்கவில்லை. பூனை விஷயத்தில் நான் ஒரு பொய்கூடச் சொன்னதில்லை, இதை எழுதிக்கொள்ளுங்கள். பகலில் மீன், மஃரிபுக்கு நோன்பு திறக்கையில் என் தங்கையின் கோப்பையிலிருந்து கஞ்சி, அதற்குப் பிறகுதான் மயக்கம் என்று உள்ளதை உள்ளபடி சொன்னேன். வீட்டில் எலி மருந்து வைப்பீர்களா என்றார். இல்லை. வேறு குளிசை ஏதாவது கீழே விழுந்து கிடக்குமா என்றார்.

"எங்கட வீட்டுல மருந்து அலுமாரியில பூட்டித்தான் இருக்கும் டொக்டர். சாவி என்ட இடுப்புல."

அதுவும் உண்மைதான். அவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். அந்தப் பார்வை எனக்குப் பிடிக்கவில்லை. பூனையின் காலில் இரத்தம் எடுத்துக்கொண்டு, சில நாள் இங்கேயே இருக்கட்டும் என்றார். நான் கூடையை வெறுமையாகத் தூக்கிக்கொண்டு வந்தேன்.

கஞ்சிக் கதையை உங்களுக்கு விளக்க வேண்டும். பூனை வாய் வைத்தது எங்கள் மார்க்கத்தில் அசுத்தமில்லை. வீட்டைச் சுற்றித் திரிகிற உயிர் என்று அதற்கு ஒரு இடம் உண்டு. பாங்கு சொன்னதும் றுஷ்தா பேரீச்சம்பழத்தைக் கடிப்பாள், தன் கஞ்சியில் கொஞ்சமும் இரண்டு இறைச்சித் துண்டும் கிஸ்மிஸுக்கு ஊற்றுவாள், அதன் பிறகுதான் தான் குடிப்பாள். சிலநாள் கோப்பையையே அதற்கு நீட்டிவிட்டு மிச்சத்தைக் குடிப்பாள். நான் முகம் சுளித்ததில்லை. அவளுக்குத் தேங்காய்ப்பாலும் வெந்தயமும் கூடுதலாக இருக்க வேண்டும், ஆகையால் பானையிலிருந்து எடுத்து, நீலப் பூப்போட்ட கோப்பையில் அவளுக்கென்று தனியாகக் கலக்குவேன். பெற்ற பிள்ளைக்குக்கூட இப்படிச் செய்பவர்கள் குறைவு.

இனி றுஷ்தாவின் குணம்.

எங்கள் பக்கத்தில் பெண் வீட்டை விட்டுப் போவதில்லை, மிஸ். வீடு பெண்ணுக்கு. மாப்பிள்ளைதான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பெண் வீட்டுக்கு வருவார். எனக்குக் கலியாணம் சரிவரவில்லை, அதைப் பற்றி நான் யாரிடமும் முறைப்பட்டதுமில்லை. வாப்பா கட்டிய இந்த வீடு றுஷ்தாவுக்கு, அவளோடு நான், இப்படித்தான் என் கணக்கு. மாப்பிள்ளை தேடியதும் நான்தான். தோப்பூர்ப் பொடியன், பெயர் தாஹிர், கட்டாரில் துறைமுக வேலை. லீவில் வந்தபோது நிக்காஹ் முடிந்தது. அடுத்த லீவில் வீட்டோடு வருவார் என்று முன்னறைக்குச் சாயம்கூட அடித்து வைத்தேன்.

அதற்குப் பிறகுதான் இவள் மாறினாள். எந்த நேரமும் கையில் போன். நான் அறைக்குள் போனால் குரலைத் தாழ்த்துவாள். நான் தைத்த அபாயாவைப் போடாமல் கடையில் வாங்கியதைப் போடுவாள். கேட்டால் ஒரு சிரிப்பு. அந்தச் சிரிப்புக்குப் பின்னால் ஏதோ இருக்கிறது என்று எனக்குத் தெரியும், நான் ஒன்றும் நேற்றுப் பிறந்தவள் இல்லை. சுவரோடு காதை வைத்துக் கேட்டேன். கட்டார், விசா, கொழும்பில் மெடிக்கல் என்று கதை போனது.

நோன்பு பிறக்கும் நேரத்தில் வாய்விட்டே சொன்னாள்.

"ராத்தா, அவர் என்னையும் அங்க கூப்பிடுறார். பெருநாளைக்கு வந்து கூட்டிட்டுப் போவாராம். நீங்க ஒண்டும் யோசிக்காதீங்க, நான் ஒவ்வொரு நாளும் கோல் எடுப்பன்."

"எங்கட குடும்பத்துல ஆர் புள்ள இப்பிடி வீட்ட விட்டுப் போனது?"

"காலம் மாறிட்டு ராத்தா. நான் போறன். எனக்கு ஆசையா இருக்கு."

ஆசையாம். எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. இது என் றுஷ்தாவின் கதை இல்லை. சின்ன வயதில் நான் கிணற்றடிக்குப் போனாலும் என் பாவாடையைப் பிடித்துக்கொண்டு வந்த பிள்ளை. குணம் இப்படித் தலைகீழாக மாறினால் அது உடம்பு வருத்தம் இல்லாமல் வேறு என்ன? வருத்தக்காரருக்கு முதல் மருந்து ஓய்வு. ஓய்வெடு என்று சொன்னால் அவள் கேட்பாளா?

உம்மா போன பிறகு எனக்கு நித்திரை வருவதில்லை. வருசக் கணக்காக எனக்கு நித்திரைக் குளிசை எழுதித் தருகிறார்கள். நான் விழுங்குவதில்லை, வாங்கி வைத்துக்கொள்வேன். வீட்டில் இருந்தால் எதற்கும் உதவும்.

ஒருநாள் காலையில் அவள் மெடிக்கலுக்காகக் கொழும்பு வான் வண்டியில் போக இருந்தாள். அதற்கு முதல்நாள் மஃரிபுக்கு அவள் கஞ்சியில் அந்தக் குளிசையைக் கலந்தேன். வெந்தயம் கூடப் போட்டால் கசப்புத் தெரியாது. ஓம், நான்தான் போட்டேன். நீங்கள் அப்படி என்னைப் பார்க்கத் தேவையில்லை, கேட்டீர்கள், சொல்கிறேன். பகலில் ஒருநாளும் நான் போட்டதில்லை. அவளுடைய ஒரு நோன்பைக்கூட நான் முறித்ததில்லை. விடியுமுன் ஸஹருக்கு எழுப்பி, தலையைத் தாங்கித் தண்ணீர் பருக்கி, நோன்பு நிய்யத்தும் சொல்லிக் கொடுத்தேன். கண் திறக்காமலேயே சின்னப் பிள்ளை மாதிரித் திருப்பிச் சொன்னாள். காலையில் வான்காரன் வாசலில் ஹோர்ன் அடித்தான். அவளுக்குக் காய்ச்சல் என்று சொல்லி அனுப்பிவிட்டேன்.

அன்று பகல் முழுக்க என் மடியில் தலை வைத்துக் கிடந்தாள். தலை வாரிவிட்டேன். எங்கேயும் போகிற கதை இல்லை, போன் இல்லை, அந்தச் சிரிப்பு இல்லை. "ராத்தா, தலை சுத்துது" என்று என் விரலைப் பிடித்துக்கொண்டாள். எனக்கு அவ்வளவு சந்தோசமாக இருந்தது, பொய் சொல்ல மாட்டேன்.

ஒருநாளோடு விட்டிருக்கலாம் என்று உங்கள் முகம் சொல்கிறது. விட்டுத்தான் பார்த்தேன். அடுத்த நாள் எழும்பிய உடனேயே மெடிக்கலுக்கு வேறு நாள் கேட்டுப் போன் எடுத்தாள். வருத்தம் இன்னும் உள்ளேதான் இருக்கிறது என்று விளங்கியது. மருந்தை அரைவாசியில் நிறுத்தினால் வருத்தம் கூடும் என்பது உங்களுக்கும் தெரியும்.

இதில் நான் யோசிக்காமல் விட்டது ஒன்று, கிஸ்மிஸின் பங்கு. அது என் பிழைதான், அதற்காக அல்லாஹ்விடம் அழுது பிழை பொறுக்கக் கேட்டிருக்கிறேன். அதன் பின்கால் இழுபட்டதைக் கண்ட அன்றே எனக்குக் காரணம் தெரியும். காரணம் தெரிந்தாலும் டொக்டரிடம் காட்டாமல் இருக்க மனம் வரவில்லை. சின்ன உடம்பு, தாங்காது.

நீங்கள் முதலில் கேட்ட கேள்வி இதுதானே: பூனையைக் கொண்டுபோன நான் தங்கையை ஏன் டொக்டரிடம் கொண்டுபோகவில்லை? அவள் கேட்டாள்தான். அலுவலகத்தில் மேசையில் தலை வைத்துத் தூங்கி ஏச்சு வாங்கிய அன்று, "ஆஸ்பத்திரிக்குப் போவமா ராத்தா" என்று அழுதாள். நோன்பு மயக்கம், எல்லோருக்கும் வருவதுதான் என்றேன். லீவு போடச் சொன்னேன். ஓதிய தண்ணீர் கொடுத்தேன். ஊரில் கண்ணூறு பட்டுவிட்டது என்று ஹுஸ்னியா சொன்னாள், நானும் ஓம் என்றேன். கிஸ்மிஸ் வேறு, இவள் வேறு, மிஸ். கிஸ்மிஸ் என்னை விட்டுப் போவதாக ஒருநாளும் சொன்னதில்லை.

டொக்டர் அஞ்சலினாவிடம் இருந்து கிஸ்மிஸைத் திருப்பி எடுக்கப் போனபோது அது என்னைக் கண்டு வாலைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தது. நேரான நடை. மணல் தட்டில் ஒழுங்காகப் போகிறதாம்.

"இஞ்ச ஒரு மருந்தும் குடுக்கேல்ல அக்கா. சும்மா வச்சிருந்தனான். உங்கட வீட்டுச் சாப்பாடு இல்லாமல் தானாச் சுகமாயிட்டுது," என்றார். சொல்லிவிட்டு என் முகத்தையே பார்த்தார். "வீட்டில வேற ஆருக்கும் இப்பிடி நித்திரைத் தூக்கம், தள்ளாட்டம் இருக்கோ?"

"இல்ல," என்றேன். இது பூனை விஷயம் இல்லைத்தானே.

அன்றிலிருந்து மஃரிபுக்குக் கிஸ்மிஸைக் குசினியில் போட்டுக் கதவைச் சாத்தினேன். நான் எவ்வளவு கவனம் என்று பாருங்கள். ஆனால் இந்த றுஷ்தாவுக்குச் சொன்னால் விளங்காது. அது கதவைப் பிறாண்டுகிற சத்தம் தாங்காமல், தள்ளாடித் தள்ளாடிக் கோப்பையைக் கொண்டுபோய்க் கதவு இடுக்கால் பங்கு வைத்திருக்கிறாள். காலையில் பார்த்தால் கிஸ்மிஸ் அரிசிப் பெட்டிக்குப் பக்கத்தில் மூத்திரத்தில் கிடக்கிறது. எனக்கு அவள்மேல் வந்த ஆத்திரம். கொஞ்சமாவது பொறுப்பு வேண்டாமா?

திரும்பவும் கூடை, திரும்பவும் பாலம். இந்தத் தடவை றுஷ்தா தானும் வருவேன் என்று ஒற்றைக் காலில் நின்றாள். வேண்டாம் என்றால் சந்தேகம் வரும் என்று கூட்டிப் போனேன். பஸ்ஸில் கூடையை மடியில் வைத்தபடியே தூங்கினாள்.

டொக்டர் கிஸ்மிஸை மேசையில் நடக்க விட்டார். பின்கால் இழுபட்டது. பூனையைத் துடைக்கத் துணி எடுத்து வர றுஷ்தா கதிரையிலிருந்து எழும்பினாள், நாலு எட்டு வைத்தாள், சுவரைப் பிடித்தாள். டொக்டரின் கண் பூனையிலிருந்து அவளுக்குப் போனது, அவளிலிருந்து பூனைக்கு வந்தது. பிறகு என்னிடம் மிகவும் தயவாகச் சொன்னார்:

"அக்கா, சந்தியில பாமசி இருக்கு. ஒரு சிரிஞ்ச் வாங்கிக்கொண்டு வாறீங்களோ? என்னட்டை முடிஞ்சுபோச்சு."

ஒரு மிருக வைத்தியரிடம் சிரிஞ்ச் முடிந்துபோகுமா? எனக்கு அப்போதே பொறி தட்டியது. ஆனால் மறுத்தால் இன்னும் மோசம். போனேன், ஓட்டமாக வந்தேன். கதவைத் திறந்ததும் இரண்டு பேரும் கதையை நிறுத்தினார்கள். றுஷ்தாவின் கண் சிவந்திருந்தது. நான் கொடுத்த சிரிஞ்சை டொக்டர் பிரிக்காமலேயே மேசையில் வைத்தார்.

"கிஸ்மிஸ் இஞ்ச நிக்கட்டும். தங்கச்சியும் ரெண்டு மூண்டு நாள் வேற எங்கயாவது தங்கினா நல்லம் போல கிடக்கு. வீட்டில ஏதோ ஒத்துவரேல்லை."

"என்ட தங்கச்சிய எனக்குப் பாக்கத் தெரியும் டொக்டர். நீங்க பூனையப் பாருங்க," என்றேன்.

திரும்பி வரும் வழி முழுக்க றுஷ்தா தூங்கவில்லை. பாலத்தில் வரும்போது தூரத்தில் துறைமுகத்துக் கப்பல்களைப் பார்த்துக்கொண்டே கேட்டாள்: "ராத்தா, என்ட கஞ்சிக்கு நீங்க என்ன போடுறீங்க?"

"எல்லாருக்கும் போடுறதுதான். ஏன் புள்ள?"

"ஒண்டுமில்ல."

அந்த ஒன்றுமில்லை என்ற சொல் என் நெஞ்சில் ஊசியாக இறங்கியது. இருபது வருசத்துக்கு மேலாக நான் வாயில் ஊட்டி வளர்த்த பிள்ளை. யாரோ ஒரு மாட்டு டொக்டர் கொஞ்ச நேரம் கதைத்ததும் என் கையைச் சந்தேகிக்கிறாள். நான் அன்று உள்ளுக்குள் எவ்வளவு அழுதேன் என்று யாருக்குத் தெரியும்?

அடுத்த நாள் காலையில் தாஹிரின் கோல் வந்தது. அவள் குரல் ஒரு மாதிரி இருக்கிறது என்று பயந்து, பெருநாள்வரை பொறுக்காமல் உடனே வருகிறாராம். அவள் எனக்கு ஒன்றும் சொல்லவில்லை. போனுக்குள் அழுதது சுவர்வழியே கேட்டது. "எனக்கு என்ட ராத்தாவ அப்பிடி நினைக்க ஏலா தாஹிர். அவ என்னத் தூக்கி வளத்தவ. டொக்டர் பிழையாச் சொல்லுறா போல" என்றாள். பார்த்தீர்களா, அவளுக்கு என்மேல் எவ்வளவு பாசம்.

அன்று மஃரிபுக்கு முன்னால் அவள் குசினி வாசலில் வந்து நின்றாள். நான் கஞ்சி கிண்டுவதைப் பார்த்தபடி நின்றாள். அவள் கண் கோப்பையை விட்டு அசையவில்லை. நான் அவள் கண்ணுக்கு முன்னாலேயே பானையிலிருந்து அள்ளி ஊற்றினேன். அந்தக் கஞ்சியில் ஒன்றும் இல்லை. பாங்கு சொன்னார்கள். பேரீச்சம்பழத்தைக் கடித்தாள். கஞ்சியைத் தொடவில்லை. அறைக்குள் கொண்டுபோய் ஒரு போத்தலில் ஊற்றி மூடினாள், எல்லாம் எனக்குத் தெரிந்தது. அந்தப் போத்தலை நீங்கள் பரிசோதனைக்கு அனுப்பியிருக்கிறீர்களாம். தேங்காய்ப்பாலும் வெந்தயமும்தான் வரும்.

பகல் முழுக்கத் தாகத்தோடு இருந்தவள் கஞ்சியைச் சந்தேகிப்பாள், சர்பத்தைச் சந்தேகிப்பாளா? பேரீச்சம்பழத்தைக் கடித்த கையோடு ஒரே மூச்சில் குடித்துவிட்டாள். தாஹிர் வருகிறார் என்பதால் கொஞ்சம் கூடவே போட்டிருந்தேன்.

வழக்கமாக அவள் பாயில் சாய்ந்துவிடுவாள். அன்று சாயவில்லை. போத்தலைப் பைக்குள் வைத்துத் தோளில் மாட்டிக்கொண்டு வேலைக்குப் போய்வரும் ஸ்கூட்டரை முற்றத்துக்குத் தள்ளினாள்.

"எங்க போறாய்?"

"கிஸ்மிஸப் பாத்துட்டு வாறன் ராத்தா."

"இப்ப போகவேணாம். நில்லு."

"ஏன் ராத்தா?"

நின்றாள், மிஸ். ஸ்கூட்டரில் ஒரு கால், நிலத்தில் ஒரு கால். என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். அந்தக் கேள்விக்கு நான் ஒரு பதில் சொல்லியிருந்தால் அவள் இறங்கியிருப்பாள். இப்போது நினைத்தால் அவள் அதற்குத்தான் நின்றாள் போலிருக்கிறது. ஆனால் சொன்னால் அவள் என்னைப் பற்றி என்ன நினைப்பாள்? அந்த டொக்டர் சொன்னதெல்லாம் உண்மை என்றல்லவா ஆகிவிடும். மஃரிப் தப்பிவிடும் என்று உள்ளே போய்த் தொழுகைக்குத் தக்பீர் கட்டினேன். இரண்டாவது றக்அத்தில் ஸ்கூட்டர் சத்தம் ஒழுங்கையைத் தாண்டியது.

பாலத்தின் நடுவில் விழுந்தாளாம். மீன் லொறிக்காரர் தூக்கிக்கொண்டு போனாராம். தலையில் அடி. இரத்தத்தில் குளிசை இருந்ததாம், கிஸ்மிஸின் இரத்தத்திலும் அதேதான் என்று டொக்டர் அஞ்சலினா தானாகவே ஆஸ்பத்திரிக்கு வந்து சொன்னாராம். பூனையைக் குணப்படுத்தியதற்கு அவருக்கு நன்றி சொல்கிறேன். ஆனால் என் தங்கை விழுந்தது அவரால்தான். நிம்மதியாகப் படுத்துக் கிடந்த பிள்ளையின் மனதில் சந்தேகத்தைப் போட்டு எழுப்பிவிட்டவர் அவர். நான் போட்டது நித்திரை மட்டும்தான்.

நேற்றுக் கண் திறந்தாளாம், அல்ஹம்துலில்லாஹ். தாஹிர் பக்கத்தில் இருக்கிறாராம். என் பெயரைச் சொன்னால் நடுங்கி அழுகிறாளாம், என்னை உள்ளே விடவேண்டாம் என்கிறாளாம். இதைச் சொல்லும்போது உங்கள் குரல் மாறியது. எனக்குக் கவலையில்லை. அடிபட்ட பிள்ளை, குணம் மாறத்தான் செய்யும். முதலில் உடம்பைப் பார்க்க வேண்டும், குணம் பிறகு தானாக வரும். சுகமானதும் அவளை வீட்டுக்குக் கூட்டிப் போகிறேன். முன்னறையில் வெளிச்சம் கூடுதல், நடு அறையில் பாய் விரிக்கிறேன்.

எங்கே கையெழுத்து வைக்க வேண்டும் என்று காட்டுங்கள், வைக்கிறேன். அதற்கு முன் ஒன்று மட்டும். இன்னும் சில நோன்பு இருக்கிறது. ஆஸ்பத்திரிச் சாப்பாடு அவளுக்குத் தொண்டையில் இறங்காது. என் இடுப்பிலிருந்து நீங்கள் எடுத்த வீட்டுச் சாவியையும் அலுமாரிச் சாவியையும் ஹுஸ்னியாவிடம் கொடுத்து, அந்த நீலப் பூக் கோப்பையைக் கொண்டுவரச் சொல்லுங்கள், இங்கேயே ஒரு அடுப்புத் தந்தால் போதும். என் கைக் கஞ்சி குடிக்காமல் அவளுக்கு நித்திரை வராது.